எண்ணெய்–வினிகர் டிரெஸ்ஸிங்கில் எத்தனை கலோரி? வீட்டிலேயே கணக்கிடும் முறை

சுங்கை சிப்புட் போன்ற ஒரு தோட்டப்புற நகரத்தில் இருந்துகொண்டு, இனிப்புநீர் என்றோ இரத்தத்தில் கொழுப்பு என்றோ கிளினிக்கில் முதல் தடவையாகச் சொல்லப்பட்டு, "சாப்பிடுவதையெல்லாம் எழுதிக்கொண்டு வாருங்கள்" என்று ஒரு தாளையும் வாங்கி வந்திருக்கிறீர்கள் என்றால், இந்தக் கட்டுரை உங்களுக்கானது. சோறு, சப்பாத்தி, முட்டை ஆகியவற்றை எழுதுவதில் பெரிய குழப்பம் இல்லை. தட்டில் பாதியைக் காய்கறிக்கும் பழத்துக்கும் ஒதுக்கச் சொல்லும் 'சுக்கு சுக்கு செபாரு' முறைக்கு மாறி, அந்தக் காய்கறியின்மேல் எண்ணெயும் வினிகரும் கலந்து ஊற்றத் தொடங்கும்போதுதான் கணக்கு கைநழுவுகிறது. கைப்பேசிச் செயலி ஓர் எண்ணைச் சொல்கிறது. கடைப் புட்டியின் பின்புறம் வேறோர் எண் இருக்கிறது. அச்சிட்ட அட்டவணையில் மூன்றாவதாக ஒன்று இருக்கிறது. எதை எழுதுவது என்று கேட்டுத் தெளிய ஆள் கிடைக்காமல் நான் பட்ட சிரமம் உங்களுக்கு வேண்டாம்.

முதலில் ஒன்றைத் தெரிந்துகொள்ளுங்கள்: அந்த மூன்று எண்களும் பெரும்பாலும் சரியானவையே. அவை மூன்றும் வெவ்வேறு கலவைகளைப் பற்றியவை. டிரெஸ்ஸிங்கில் எண்ணெயின் பங்கு கூடினால் கலோரி கூடும், குறைந்தால் குறையும். மற்றப் பொருள்களெல்லாம் கணக்கின் ஓரத்தில் நிற்பவை. ஆகவே உங்கள் வீட்டுக் கலவைக்கு உரிய எண்ணை நீங்களே கண்டுபிடிப்பதுதான் சரியான வழி.

1. தேவையானவற்றைச் சேர்த்துக்கொள்ளுங்கள்

ஒரு கிராம் வரை காட்டும் சிறிய மின்னணுச் சமையலறைத் தராசு ஒன்று வேண்டும். இணையக் கடைகளில் ஏறக்குறைய இருபது, முப்பது ரிங்கிட்டுக்குச் சாதாரணத் தராசு கிடைக்கிறது. இந்த வேலைக்கு அதற்கு மேல் செலவழிக்கத் தேவையில்லை. வாங்கும்போது இரண்டைப் பாருங்கள்: பாத்திரத்தை வைத்தபின் திரையில் தெரியும் எண்ணைச் சுழியத்துக்குக் கொண்டுவரும் பொத்தான் இருக்க வேண்டும், பக்கத்துக் கடையில் கிடைக்கும் சாதாரண பேட்டரியில் அது இயங்க வேண்டும். வட்டமான சிறிய பேட்டரி தீர்ந்துபோனால், அதைத் தேடித் திரிகிற நாளெல்லாம் கணக்கு நின்றுவிடும்.

அளவுக்கரண்டி ஒரு தொகுதி, மூடி இறுக்கமான ஒரு கண்ணாடிப் புட்டி, ஒரு குறிப்பேடு ஆகியவை சில ரிங்கிட்டில் முடிந்துவிடும். தராசு வர நாளாகும் என்றால் அளவுக்கரண்டியை வைத்தே தொடங்கலாம். வீட்டில் சாப்பிடப் பயன்படுத்தும் கரண்டியை மட்டும் அதற்கு நிகராக எடுத்துக்கொள்ளாதீர்கள். அட்டவணைகளில் மேசைக்கரண்டி என்பது 15 மி.லி., தேக்கரண்டி என்பது 5 மி.லி.; உங்கள் வீட்டுக் கரண்டி பத்தும் கொள்ளலாம், பதினெட்டும் கொள்ளலாம். தராசு வந்தவுடன் அந்தக் கரண்டியில் தண்ணீரை நிரப்பி நிறுத்துப் பாருங்கள். தண்ணீர் ஒரு மி.லி.க்கு ஒரு கிராம் என்பதால், கரண்டியின் கொள்ளளவு அப்போதே தெரிந்துவிடும்.

ஆவணம் என்று சொல்லத்தக்கவை இவை: சமையலறையில் உள்ள எண்ணெய், வினிகர், கடுகு விழுது ஆகியவற்றின் சத்துப் பட்டியலைத் தெளிவாகப் படம் எடுத்து வைத்த கைப்பேசி; கிளினிக் கொடுத்த உணவுப் பதிவுத் தாள்; உங்கள் கலவையின் அளவுகளை எழுதிய பக்கம். புட்டி தீர்ந்ததும் குப்பைக்குப் போய்விடும், படம்தான் மிஞ்சும்.

2. எண்ணெயை நிறுங்கள்

கணக்கின் பெரும்பகுதி இங்கேதான் இருக்கிறது, அதனால் கொஞ்சம் நின்று பாருங்கள். கொழுப்பு ஒரு கிராமுக்கு 9 கலோரி தரும். சமையல் எண்ணெய் என்பது முழுக்க முழுக்கக் கொழுப்பு. அதில் தண்ணீரும் இல்லை, மாவும் இல்லை. எனவே எத்தனை கிராம் எண்ணெயோ அதை ஒன்பதால் பெருக்கினால் விடை. அமெரிக்க வேளாண்துறையின் அட்டவணை ஆலிவ் எண்ணெய்க்கு 100 கிராமுக்கு 884 என்று நுட்பமாகச் சொல்கிறது. ஒன்பதால் பெருக்கினால் 900 வரும். ஒரு தட்டுச் சலாட்டில் இந்த வேறுபாடு இரண்டு மூன்று கலோரிதான் என்பதால் அதைப் பற்றிக் கவலைப்பட வேண்டாம்.

எண்ணெய் தண்ணீரைவிட இலேசானது, ஒரு மி.லி. ஏறத்தாழ 0.92 கிராம்தான் இருக்கும். புதியவர்கள் அதிகம் குழம்புவது இந்த இடத்தில்தான். ஒரு புட்டியில் 100 கிராமுக்கு 900 என்றும், இன்னொன்றில் 100 மி.லி.க்கு 820 அல்லது 828 என்றும் இருந்தால், இரண்டாவது எண்ணெயில் கலோரி குறைவு என்று பலர் நினைத்து வாங்குகிறார்கள். இரண்டும் ஒன்றே, ஒன்றில் எடை, மற்றொன்றில் கொள்ளளவு. இதே பட்டியலில் 3,700 என்று பெரிய எண்ணைக் கண்டால், அது கிலோஜூல். ஒரு கலோரி என்று நாம் பேச்சில் சொல்வது ஏறக்குறைய 4.2 கிலோஜூல், மலேசியப் புட்டிகளில் 'தெனாகா' (ஆற்றல்) என்ற வரியில் இரண்டும் அடுத்தடுத்து அச்சிடப்பட்டிருக்கும்.

கரண்டிக் கணக்கில் சொன்னால், 5 மி.லி. தேக்கரண்டி எண்ணெய் ஏறக்குறைய 40 கலோரி, 15 மி.லி. மேசைக்கரண்டி எண்ணெய் ஏறக்குறைய 120 கலோரி. கிளினிக்கில் 'எக்ஸ்சேஞ்ச்' முறையில் சொல்லித் தருபவர்கள், ஒரு கொழுப்புப் பங்கு என்பது 5 கிராம் கொழுப்பு, 45 கலோரி, ஒரு தேக்கரண்டி எண்ணெய் என்பார்கள். 40-க்கும் 45-க்கும் சண்டை இல்லை. அங்கே கொழுப்பை முழு ஐந்து கிராமாக எடுத்துக்கொள்கிறார்கள். நீங்கள் கிராமில் எழுதிக் கொடுத்தால் அவர்களே மாற்றிக்கொள்வார்கள்.

எந்த எண்ணெய் என்பது கலோரிக் கணக்கை மாற்றாது. இதைச் சொன்னால் நம்புவதற்கு மறுக்கிறார்கள் என்பதால் அழுத்திச் சொல்கிறேன். மளிகைக் கடையில் இரண்டரை ரிங்கிட்டுக்கு விற்கும் உதவித்தொகை விலைப் பாமாயில் பொட்டலமும், ஈப்போ பேரங்காடியில் பல மடங்கு விலை கொடுத்து வாங்கும் ஆலிவ் எண்ணெயும், ஊரிலிருந்து வரும் நல்லெண்ணெயும், கடலை எண்ணெயும் கிராமுக்குக் கிராம் ஏறக்குறைய ஒரே கலோரிதான். பாமாயிலிலும் தேங்காய் எண்ணெயிலும் நிறைவுற்ற கொழுப்பு அதிகம், ஆலிவ் எண்ணெயில் குறைவு என்பது உண்மை. அது இதயத்துக்கான கணக்கு, அதைத் தனியாகக் கேளுங்கள். 'லைட்' என்று எழுதிய ஆலிவ் எண்ணெயில் நிறமும் மணமும் மட்டுமே இலேசு. 'கொலஸ்ட்ரால் இல்லை' என்பது எல்லாத் தாவர எண்ணெய்க்கும் பொருந்தும் என்பதால் அதற்காகக் கூடுதல் விலை கொடுக்க வேண்டியதில்லை. சுவைக்காகத் தேர்ந்தெடுப்பதென்றால், வெள்ளரிக்கும் வெங்காயத்துக்கும் நல்லெண்ணெயே போதும் என்பது என் கருத்து. ஐந்து கிராமிலேயே மணம் வந்துவிடுகிறது, வாசனையற்ற எண்ணெயில் அந்த நிறைவுக்கு இரட்டிப்பாக ஊற்றுகிறோம்.

நிறுக்கும் முறையில் ஒரு நுணுக்கம் உண்டு. மலிவான தராசுகள் ஒன்றிரண்டு கிராமைச் சொட்டுச் சொட்டாக ஊற்றினால் கவனிப்பதில்லை. கிண்ணத்தைத் தராசில் வைத்து ஊற்றுவதற்குப் பதிலாக, எண்ணெய்ப் புட்டியையே தராசில் வைத்துச் சுழியம் ஆக்குங்கள். எடுத்து ஊற்றிவிட்டு மறுபடி வையுங்கள். கழித்தல் குறியோடு தோன்றும் எண்தான் நீங்கள் ஊற்றிய எண்ணெய். கரண்டியில் ஒட்டியது, புட்டியின் வாயில் வழிந்தது என்ற தொல்லையும் குறையும், பாத்திரம் கழுவும் வேலையும் மிச்சம்.

3. வினிகருக்கு அதிக நேரம் கொடுக்காதீர்கள்

சாதாரண வெள்ளை வினிகர் 100 கிராமுக்கு ஏறத்தாழ 18 கலோரி, ஆப்பிள் வினிகர் 21 கலோரி அளவுதான். ஒரு மேசைக்கரண்டிக்கு மூன்று கலோரி என்று எழுதிவிட்டு நகருங்கள். எலுமிச்சைச் சாறும் நான்கு கலோரிக்கு மேல் போகாது.

விதிவிலக்கு இரண்டு. கறுத்த பால்சமிக் வினிகரில் திராட்சைச் சர்க்கரை இருப்பதால் 100 கிராமுக்கு 88 கலோரி, அதாவது மேசைக்கரண்டிக்கு 14 வரை வரும். அதையே சுண்டக் காய்ச்சிக் கூழாக விற்பது இதைவிடப் பல மடங்கு. ஜப்பானிய உணவுக்கென விற்கும், ஏற்கெனவே சுவையூட்டிய அரிசி வினிகரிலும் சர்க்கரை கலந்திருக்கும். பட்டியலில் 'குலா' என்ற வரியைப் பார்த்தால் தெரிந்துவிடும். இனிப்புநீர் உள்ளவர்களுக்கு இந்த இரண்டைப் பற்றித்தான் கவனம் தேவை.

4. உங்கள் கலவைக்கு ஒரே ஓர் எண்ணைக் கண்டுபிடியுங்கள்

மேற்கத்திய சமையல் குறிப்புகளில் மூன்று பங்கு எண்ணெய்க்கு ஒரு பங்கு வினிகர் என்று இருக்கும். அப்படிக் கலந்தால் ஒரு மேசைக்கரண்டி டிரெஸ்ஸிங் 90 கலோரியைத் தாண்டும். சம பங்கு என்றால் அது 64-க்கு இறங்கும். அமெரிக்க அட்டவணையில் வீட்டு எண்ணெய்–வினிகர் டிரெஸ்ஸிங்குக்கு 100 கிராமுக்கு 449 கலோரி, 16 கிராம் மேசைக்கரண்டிக்கு 72 என்று இருக்கிறது. அதுவும் பாதிக்குப் பாதி எண்ணெய் உள்ள கலவைதான்; மேசைக்கரண்டியை 16 கிராமாக எடுத்துக்கொள்வதால் 64-க்கு மேல் வருகிறது. செயலியில் 'வினகிரெட்' என்று தட்டினால் கிடைக்கும் எண்கள் தாவித் தாவி வருவதற்குக் காரணம் இதுதான். அவற்றில் குறைந்ததைத் தேடி எழுதிக்கொள்வதைவிட, உங்கள் கலவையை ஒருமுறை கணக்கிட்டுவிடுங்கள்.

ஓர் எடுத்துக்காட்டு. 30 கிராம் நல்லெண்ணெய், 30 கிராம் வினிகர், ஒரு தேக்கரண்டி (5 கிராம்) கடுகு விழுது, ஒரு தேக்கரண்டி (4 கிராம்) சர்க்கரை, 15 கிராம் தண்ணீர், ஒரு கிராம் உப்பு. கலோரி முறையே 270, 6, 3, 16, சுழியம், சுழியம், மொத்தம் 295. எடை மொத்தம் 85 கிராம். 295-ஐ 85-ஆல் வகுத்தால், ஒரு கிராமுக்கு ஏறத்தாழ 3.5 கலோரி. இந்த 3.5 என்ற எண்ணைப் புட்டியின்மேல் ஒரு காகிதத்தில் ஒட்டிவிடுங்கள். இனி 20 கிராம் ஊற்றினால் 70, 10 கிராம் ஊற்றினால் 35 என்று மனக்கணக்கிலேயே முடியும். அளவுகளை மாற்றிப் புதிதாகக் கலக்கும் நாளில் மட்டும் எண்ணை மாற்றினால் போதும்.

கடுகு விழுது எண்ணெயையும் வினிகரையும் சிறிது நேரம் ஒன்றாகப் பிடித்துவைக்கிறது. அதனால்தான் தண்ணீரைச் சேர்த்தும் கலவை நீர்த்துப்போனதாகத் தோன்றுவதில்லை. கலோரியைக் குறைக்க விரும்புபவர்களுக்கு இந்தத் தண்ணீர்தான் நல்ல வழி. வினிகரை மட்டும் கூட்டிக்கொண்டே போனால் புளிப்பு தாங்காமல் சர்க்கரையைக் கூட்ட நேரிடும். எண்ணெயை முழுவதும் விட்டுவிடுவதையும் நான் சிபாரிசு செய்யமாட்டேன்: கேரட், தக்காளி, கீரை ஆகியவற்றின் நிறச்சத்துகள் கொழுப்போடு சேர்ந்தால்தான் உடம்பில் நன்றாக ஏறும்.

தேன் 'இயற்கை' என்பதற்காகக் கணக்கிலிருந்து தப்பாது. ஒரு மேசைக்கரண்டி 64 கலோரி. கெராபு என்ற மலாய்ச் சலாட்டின் பாணியில் மேலே தூவும் வறுத்த நிலக்கடலை 100 கிராமுக்கு 560-ஐத் தாண்டும் என்பதால் அதையும் நிறுத்தே போடுங்கள்.

5. ஊற்றுவதற்கு முன் குலுக்குங்கள், சாப்பிட்டபின் கிண்ணத்தைப் பாருங்கள்

சரியாகக் கணக்கிட்டும் தவறான எண்ணை எழுத வைக்கும் பொறி இது. நின்ற புட்டியில் எண்ணெய் மேலே வந்துவிடும், வினிகர் கீழே தங்கிவிடும். குலுக்காமல் ஊற்றினால் முதலில் விழுவது பெரும்பாலும் எண்ணெய். சம பங்குக் கலவையில் 64 கலோரி என்று நீங்கள் எழுதும் அதே மேசைக்கரண்டி உண்மையில் 120-ஐ நெருங்கும். கடைசியாக ஊற்றிக்கொள்பவருக்கு வெறும் புளிப்பு மிஞ்சும். குடும்பத்தில் இருவர் கணக்கு எழுதினால் இருவருடைய தாளும் பொய் சொல்லும். மூடியை இறுக்கிப் பத்து விநாடி நன்றாகக் குலுக்கி, உடனே ஊற்றுங்கள்.

சலாட் கீரைக்குச் சாப்பிடும் நேரத்தில்தான் ஊற்ற வேண்டும். முன்கூட்டியே ஊற்றினால் இலை துவண்டு, அடியில் தேங்கி, திரும்பவும் ஊற்றத் தோன்றும். வெள்ளரிக்கு உப்புப் போட்டுப் பத்து நிமிடம் வைத்து, விட்ட நீரை வடித்துவிட்டுக் கலந்தால் கொஞ்சம் டிரெஸ்ஸிங்கே முழுவதும் படியும்.

கிண்ணத்தின் அடியில் தங்கியதை நீங்கள் சாப்பிடவில்லை என்றால் அதைக் கழிக்கலாம். வெறுங்கிண்ணத்தின் எடையை ஒருமுறை குறித்து வைத்திருந்தால், சாப்பிட்டபின் நிறுத்து வேறுபாட்டைப் பார்க்கலாம். காய்கறி விட்ட நீரும் அதில் சேர்ந்திருக்கும் என்பதால் முழுவதையும் டிரெஸ்ஸிங்காகக் கழிக்காதீர்கள்; பாதியைக் கழித்தால் பிழை உங்கள் பக்கம் சாயாது. சோற்றைப் போட்டு அதைத் துடைத்துச் சாப்பிடும் பழக்கம் நம் வீடுகளில் உண்டு; அப்படியென்றால் கழித்தலே கிடையாது.

வெள்ளரி, சலாட் கீரை, தக்காளி, முட்டைக்கோஸ் எல்லாமே 100 கிராமுக்கு 15 முதல் 25 கலோரிதான். ஒரு பெரிய கிண்ணம் 200 கிராம் என்றாலும் ஐம்பதுக்குள் நிற்கும். அதன்மேல் மூன்று மேசைக்கரண்டி மூன்றுக்கு ஒன்று கலவையை ஊற்றினால் 270-க்கு மேல்.

6. கடைப் புட்டியை வாங்கினால்

முதலில் பொருள்களின் வரிசையைப் பாருங்கள்; எடையில் அதிகமானது முதலில் வரும். எண்ணெய் முதலிடத்தில் இருந்தால் கலோரி உயரம், தண்ணீரோ வினிகரோ முதலில் இருந்தால் தாழ்வு, சர்க்கரை இரண்டாவதாக இருந்தால் திருப்பி வைத்துவிடலாம். பிறகு பட்டியலில் 100 மி.லி.க்கு உரிய நிரலை மட்டும் ஒப்பிடுங்கள். 'ஹிடாங்கான்' என்ற ஒரு பரிமாறலுக்குரிய எண் ஒரு நிறுவனத்தில் 15 மி.லி.க்கும் மற்றொன்றில் 30 மி.லி.க்கும் இருக்கும், அதை வைத்து இரண்டு புட்டிகளை ஒப்பிட முடியாது. வீட்டில் கலப்பது எப்படியும் மலிவு.

வெளியே சாப்பிடும்போது டிரெஸ்ஸிங்கைத் தனியாகக் கேட்டு வாங்குங்கள். தரமறுத்தால் சலாட்டில் இரண்டு மேசைக்கரண்டி இருப்பதாக எழுதிக்கொள்ளுங்கள்.

7. வைத்திருக்கும் காலம்

எண்ணெய், வினிகர், உப்பு, கடுகு விழுது மட்டும் உள்ள கலவை குளிர்பெட்டியில் சில வாரம் தாங்கும். பச்சைப் பூண்டு, வெங்காயம், மல்லித்தழை சேர்த்துவிட்டால் நான்கு நாளுக்குள் முடித்துவிடுங்கள். எண்ணெயில் மூழ்கிய பூண்டு அறை வெப்பத்தில் கிடந்தால், மணமும் நிறமும் மாறாமலேயே நஞ்சாகக் கூடும். குளிரில் ஆலிவ் எண்ணெய் உறைந்தால் கெட்டுவிட்டதாக எண்ண வேண்டாம், வெளியே சற்று நேரம் வைத்துக் குலுக்கினால் சரியாகும். உறைந்த நிலையில் மட்டும் நிறுத்து ஊற்றாதீர்கள்.

8. கிளினிக்குக்குப் போகும் நாள்

பொதுவாக மூன்று நாள் பதிவு கேட்பார்கள். வேலைநாள் இரண்டும் ஓய்வுநாள் ஒன்றும் இருந்தால் உங்கள் வழக்கம் சரியாகத் தெரியும். ஞாயிற்றுக்கிழமை விருந்தை விட்டுவிட்டு எழுதிய தாள் யாருக்கும் பயன்படாது. மைகாட், சந்திப்பு அட்டை, பதிவுத் தாள், கலவையின் அளவுப் பக்கம், பட்டியல் படங்கள் ஆகியவற்றோடு போங்கள். அரசாங்கச் சுகாதாரக் கிளினிக்கில் குடிமக்களுக்குப் பதிவுக் கட்டணம் ஒரு ரிங்கிட். உணவு ஆலோசகர் எல்லாக் கிளினிக்கிலும் எல்லா நாளும் இருப்பதில்லை என்பதால், முன்கூட்டியே தொலைபேசியில் கேட்டு அவர் வரும் நாளில் சந்திப்பை வாங்கிக்கொள்ளுங்கள்; தோட்டத்திலிருந்து வண்டி வைத்து வருபவர்களுக்கு இந்த ஓர் அழைப்பு அரை நாள் சம்பளத்தைக் காப்பாற்றும்.

"சலாட், டிரெஸ்ஸிங்குடன்" என்று மட்டும் எழுதிய வரியை வைத்து அவர் எதையும் சொல்ல முடியாது. "வெள்ளரி 150 கிராம், டிரெஸ்ஸிங் 20 கிராம், அதில் எண்ணெய் 7 கிராம்" என்று எழுதுங்கள். (மேலே சொன்ன கலவையில் எண்ணெய் 85-க்கு 30 பங்கு, 20 கிராமில் 7.) ஒரு நாளைக்கு எனக்கு எத்தனை தேக்கரண்டி எண்ணெய், அதில் சமையலுக்கு எவ்வளவு, சலாட்டுக்கு எவ்வளவு என்று நேராகக் கேளுங்கள், இந்தப் பதில் ஆளுக்கு ஆள் மாறும்.

இன்சுலினோ சர்க்கரையைக் குறைக்கும் மாத்திரையோ எடுப்பவர்கள், சலாட்டில் போன எண்ணெயை ஈடுகட்டுவதற்காக இரவுச் சோற்றைத் தாங்களாகவே நிறுத்தக் கூடாது. எண்ணெயில் கலோரி உண்டே தவிர மாவுச்சத்து இல்லை; மருந்து தன் வேலையைச் செய்துகொண்டே இருக்கும், சர்க்கரை அளவுக்கு மீறி இறங்கிவிடக் கூடும். சோற்றின் அளவை மாற்றுவதானால் மருந்தின் அளவையும் சேர்த்து மருத்துவரிடம் அதே நாளில் பேசிவிடுங்கள்.